சிதம்பரத்தில் ஒரு வீடு



இந்தியக் குடும்பங்களின் அன்றாட வாழ்வைப் பற்றிப் பேசும்படி எங்களைப் பணித்தீர்கள். பரந்த தேசம், வீட்டுக்கு வீடு வழக்கம் வேறு. ஆதலால் நேரிற் கண்ட ஒரு வீட்டை மாத்திரம் சொல்லுகின்றோம்.

சில வருடங்களுக்கு முன் மார்கழித் திருவாதிரைக்குச் சிதம்பரம் சென்ற நாங்கள் நால்வர், தேரோடும் வீதிக்கு அண்மையில் ஒரு குடும்பத்தாரோடு மூன்று நாள் தங்கினோம். தாத்தா, பாட்டி, மகன், மருமகள், பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் இருவர்.

முதலில் விழிப்பவர் மருமகளே. இருள் பிரியுமுன் வாசல் தெளித்து, அரிசிமாவிற் கோலமிட்டு, சாணப்பிள்ளையாரில் பூசணிப்பூச் செருகிவிடுவார். பின்பு குழாயில் நீர் வரும் நேரம், குடங்கள் நிறையவேண்டும். இதற்கிடையில் வடிகட்டியிலே கோப்பிச் சாறு சொட்டுச் சொட்டாய் இறங்கிக்கொண்டிருக்கும். (தேநீர்க்காரராகிய நாங்கள் மூன்றே நாளிற் கட்சி மாறினோம்!) தாத்தாவுக்குச் சீனியில்லாமல், பாட்டிக்கு ஆற்றி, பிள்ளைகளுக்குப் பாலாக, ஒவ்வொருவர் கைக்கும் பதம் தவறாமல் வரும். இட்டலி, மதியச் சாப்பாட்டுப் பாத்திரங்கள், பூசைக்கு விளக்கு. எல்லாம் தானே நடப்பதுபோல் நடந்தன. என்ன ஒழுங்கான வீடு என்று எங்களுக்குள் மெச்சிக்கொண்டோம்.

இந்திய அரசு 2019இல் மக்கள் நேரத்தைச் செலவிடும் வகையைக் கணக்கெடுத்தது. கூலியில்லா வீட்டுவேலையில் ஈடுபடும் பெண்கள் நாளொன்றுக்குச் சராசரி 299 நிமிடம் அதிற் செலவிட்டனர். ஈடுபடும் ஆண்கள் 97 நிமிடம். 2024இல் அவை 289, 88. ஐந்து வருடத்தில் அவர்களுக்கு மிஞ்சியது பத்து நிமிடம். ஆண்களும் ஒன்பது நிமிடத்தைக் குறைத்துக்கொண்டார்கள்!

திருவாதிரையன்று அதிகாலையில் ஆயிரங்கால் மண்டபத்து அபிஷேகத்துக்குப் புறப்பட்டோம். வீட்டு ஆண்களும் பிள்ளைகளும் உடன் வந்தார்கள். பிற்பகல் தரிசனமும் கண்டு, கண்ணீர் மல்கத் திரும்பினோம். வெல்லமிட்ட களியும் பல காய்கள் சேர்ந்த கூட்டும் ஆயத்தமாயிருந்தன. பசியோடு உண்டோம், இரண்டாம் முறையும் கேட்டு வாங்கினோம்.

பரிமாறியபடியே அவ்வம்மையார், "தரிசனம் நல்லா கிடைச்சுதா?" என்று கேட்டார். "நீங்கள் எப்போது போனீர்கள்?" என்றோம். "இன்னிக்கு எங்கே? இத்தனை பேருக்குக் களி கிண்டணுமே. மணிச்சத்தம் இங்கேயே கேட்டுது" என்று சிரித்தார்.

கடல் கடந்து வந்த நாங்கள் கண்டோம். கோயில் மணி கேட்கும் தூரத்திலிருந்தவர் காணவில்லை. அவர் இன்னும் உண்ணவுமில்லை. பானையை எட்டிப் பார்த்தோம். அடியில் ஒரு கரண்டிக் களியே இருந்தது.