திண்ணையா? வியன்னாவா?

(சங்கரன்கோவிலில் நடந்த ‘மனச்சுமையை இறக்கி வைக்கப் பெரிதும் உதவுவது திண்ணைப் பேச்சே! மருத்துவர் அறையே!’ என்ற பட்டிமன்றத்தில், ‘மருத்துவர் அறையே’ என்ற அணியில் பேசியது.)



எதிரணி அண்ணாச்சி என்ன சொல்லிட்டுப் போனார்? “மனசுல பாரமா? திண்ணையில உக்காந்து நாலு வார்த்தை பேசு, சரியாயிடும். இதுக்கு எதுக்கு டாக்டரு, ஃபீஸு?” அப்படின்னார். கைதட்டும் வாங்கிட்டார்.

அண்ணாச்சி, நானும் திண்ணையில வளர்ந்தவதான். திண்ணைக்கு ரெண்டு குணம் உண்டு. ஒண்ணு, காலையில அங்கே சொன்ன ரகசியம் சாயங்காலம் பூ மார்க்கெட்டுல முழம் போட்டு விக்கும்! (சிரிப்பு) ரெண்டாவது, சொல்ல வந்ததை முடிக்க விடாது. “ராத்திரி தூக்கமே வரலக்கா”ன்னு ஆரம்பிச்சா, “ஒனக்குத் தூக்கந்தான் வரல, எனக்கு முட்டுவலி”ன்னு அவங்க கதை ஓட ஆரம்பிச்சிடும். சரி, வீட்டுக்காரர்கிட்ட சொல்லலாம்னு போனா, “உம்... உம்...” என்பார். அந்த ‘உம்’ நமக்கு இல்லீங்க, கையில இருக்கிற பேப்பருக்கு! (பலத்த சிரிப்பு)

நடுவர் அவர்களே, பேசுறதுக்கு உலகத்தில் பஞ்சமே கிடையாது. கேட்கிறதுக்குத்தான் பஞ்சம். அந்தக் கேட்கும் கலையை ஒரு வைத்தியமாகவே ஆக்கியது எது? மருத்துவர் அறை!

1880ஆம் ஆண்டு. ஆஸ்திரியாவின் தலைநகர் வியன்னா. பெர்த்தா பாப்பன்ஹைம் என்று 21 வயசுப் பெண். வசதியான யூதக் குடும்பம். நோயில் விழுந்த அப்பாவை ராத்திரியெல்லாம் கண் விழித்துக் கவனித்தவர், தானே நோயில் விழுந்தார். கை மரத்துப் போனது. தாய்மொழியான ஜெர்மன் வாயில் வராமல், ஆங்கிலத்தில் மட்டும் பேசினார். ஒரு கோடையில் தண்ணீர் குடிக்க முடியவில்லை. தாகம் வாட்டுகிறது, தம்ளரை எடுக்கிறார், உதட்டில் பட்டதும் தள்ளிவிடுகிறார். ஆறு வாரம் பழத்தைச் சாப்பிட்டே உயிர் வாழ்ந்தார்.

யோசெஃப் பிராயர் என்ற டாக்டர் தினமும் வந்து, அவர் பேசுவதைப் பொறுமையாகக் கேட்டார். ஒருநாள் அந்தப் பெண் ஒரு சம்பவத்தைச் சொன்னார். வீட்டில் துணைக்கு இருந்த அம்மாளின் நாய் ஒரு தம்ளரில் வாய் வைத்துத் தண்ணீர் குடித்ததைப் பார்த்திருக்கிறார். மரியாதைக்காக அன்றைக்கு ஒன்றும் சொல்லவில்லை. அடக்கி வைத்த அருவருப்பை, கோபத்தை எல்லாம் இப்போது கொட்டித் தீர்த்தார். தீர்த்ததும் தண்ணீர் கேட்டார், குடித்தார்!

இதற்குப் ‘பேச்சு வைத்தியம்’ என்று பெயர் வைத்தது டாக்டர் இல்லை, அந்தப் பெண்ணேதான். வேடிக்கையாகப் ‘புகைக்கூண்டு சுத்தம் பண்றது’ என்றும் சொல்வார். அத்தோடு முழுசாகக் குணமாகிவிட்டாரா? இல்லை. பிறகும் சில காலம் மருத்துவமனைகளில் இருந்தார். ஆனால் எழுந்து நின்றார். 1904இல் யூதப் பெண்களுக்காக ஒரு பெரிய சங்கத்தையே தொடங்கினார். (கைதட்டல்)

பிராயரின் இளைய நண்பர்தான் சிக்மண்ட் ஃப்ராய்டு. இருவரும் சேர்ந்து 1895இல் இந்தக் கதையைப் புத்தகமாகப் போட்டார்கள். அதே புத்தகத்தில் இன்னொரு பெண் வருகிறார். ஃப்ராய்டு அவரிடம், “இது எப்படி வந்தது, அது எங்கே தொடங்கியது?” என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அந்தம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. சும்மா கேள்வி கேட்காதீர்கள், நான் சொல்ல வந்ததைச் சொல்ல விடுங்கள் என்றார். ஃப்ராய்டு என்ன செய்தார்? வாயை மூடிக்கொண்டார்! நடுவர் அவர்களே, ஒரு பொம்பளை சொன்னதைக் கேட்டு ஒரு ஆம்பளை வாயை மூடியதால் வளர்ந்த சாஸ்திரம் அய்யா இது! (பெண்கள் பகுதியில் பலத்த கைதட்டல்)

அதற்குப் பிறகுதான் அந்த முறையே வந்தது. நோயாளி சாய்ந்து படுத்திருப்பார். ஃப்ராய்டு தலைமாட்டில், கண்ணில் படாமல் உட்கார்ந்திருப்பார். மனசுக்கு வந்ததையெல்லாம் சொல்லலாம். புத்திமதி கிடையாது. ‘சீ, இப்படியா நினைச்சே?’ கிடையாது.

ஏன் வியன்னாவில் பிறந்தது? அங்கேயும் ‘நாலு பேர் என்ன சொல்வாங்க’ என்ற பயம்! வெளியே பட்டுத் திரை, உள்ளே பேசாத துக்கம். மூடி வைத்த ஊரில்தான் திறக்கிற சாவி பிறந்தது. அந்த நாலு பேர் யாரென்று எனக்குத் தெரியாது, நம்ம தெருவிலும் இருக்கிறார்கள்! (சிரிப்பு)

“அதெல்லாம் வெள்ளைக்காரன் சரக்கு” என்பீர்கள். இல்லை. கல்கத்தாவில் கிரீந்திரசேகர் போஸ் என்று ஒரு டாக்டர். 1921இல் மனம் எப்படித் தன் ஆசைகளை அமுக்கி வைக்கிறது என்று ஆராய்ந்து டாக்டர் பட்டம் வாங்கினார். 1922இல் தன் வீட்டிலேயே இந்திய உளப்பகுப்பாய்வுச் சங்கத்தைத் தொடங்கினார். ஃப்ராய்டோடு 1921 முதல் 1937 வரை கடிதப் போக்குவரத்து. நேரில் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. ஆனாலும் ஆமாம் சாமி போடவில்லை. ஒவ்வொரு ஆசைக்கும் எதிரான இன்னொரு ஆசை அதே மனசில் இருக்கிறது என்றார். ஃப்ராய்டு அதை முழுசாக ஒப்புக்கொள்ளவில்லை, இவரும் விட்டுக்கொடுக்கவில்லை.

உங்களுக்கு நான் விளக்கணுமா? மகளுக்குக் கல்யாணம் ஆகணும்னு ஆசை. அவ நம்மை விட்டுப் போகக்கூடாதுன்னும் ஆசை. ரெண்டும் ஒரே தாய் மனசில்! சங்கனும் பதுமனும் சிவன் பெரியவரா, திருமால் பெரியவரா என்று சண்டை போட்ட ஊர் இது. கோமதி அம்மன் தவமிருக்க, பாதி சங்கரன், பாதி நாராயணன் என்று ஒரே உருவமாக நிற்கிற ஊர். ஒன்றுக்குள் இரண்டு என்பது உங்களுக்குப் புதுசா? (கைதட்டல்) 1931இல் ஃப்ராய்டின் 75ஆம் பிறந்தநாளுக்குப் போஸின் சங்கம் அனுப்பிய பரிசும் தந்தத்தால் ஆன ஒரு விஷ்ணு சிலைதான். தன் மேசையில் மரியாதையான இடத்தில் வைத்துக்கொண்டார் ஃப்ராய்டு.

கோமதி அம்மன் சன்னதிக்கு முன்னால் உள்ள சக்கரப் பள்ளத்தில் உட்கார்ந்து, மனசு விட்டு அழுகிற தாயை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் ஒன்று கேட்கிறேன். திண்ணையை விட்டு ஏன் அம்மனிடம் வந்தார்? அம்மன் குறுக்கே பேச மாட்டாள். வெளியே சொல்ல மாட்டாள். எங்கள் அணி சொல்வதும் அதைத்தானே! (நீண்ட கைதட்டல்)

சிரித்தோம். இப்போது ஒரு நிமிஷம் சிரிக்காமல் கேளுங்கள். 2001 ஆகஸ்ட் 6. ராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடி. மனநோயாளிகள் தங்கியிருந்த ஒரு கொட்டகையில் தீ. ஓட முடியவில்லை. சங்கிலியில் கட்டியிருந்தார்கள். 28 உயிர்கள். பேச ஒரு வாய் இருந்தது அவர்களுக்கு. கேட்க ஒரு காது இருந்ததா? அப்படிச் சங்கிலி போடக்கூடாது என்று 2017இல் சட்டமே வந்தது. ஆனால் ‘வெளியே சொல்லாதே’ என்கிற சங்கிலியை நாம்தான் கழற்ற வேண்டும்.

ஃப்ராய்டு சொன்னது எல்லாம் சரி என்று நான் வாதாடவில்லை. அவர் சொன்ன பலவற்றை இன்றைய டாக்டர்களே ஏற்பதில்லை. கடுமையான நோய்க்குப் பேச்சு மட்டும் போதாது, மாத்திரையும் வேண்டும். அந்த நோய் எது என்று திண்ணைக்குத் தெரியுமா? டாக்டருக்குத்தான் தெரியும்.

தாய்மார்களே, வீட்டில் பிள்ளை சாப்பிடாமல், தூங்காமல், பேசாமல் மூலையில் உட்கார்ந்தால், “திமிரு”ன்னு சொல்லாதீங்க. பக்கத்தில் உட்காருங்க. குறுக்கே பேசாமல் கேளுங்க. அதற்கும் அடங்காத பாரம் என்றால் கூச்சப்படாமல் டாக்டரிடம் அழைத்துப் போங்க. 14416க்கு ஒரு போன் போட்டாலும் தமிழில் கேட்க ஆள் இருக்கிறது, காசு கிடையாது. காய்ச்சலுக்குப் போகிற கால், கவலைக்கும் போகட்டும்!

நடுவர் மணியில் கை வைத்துவிட்டார். நான் சொன்னதை முழுசாகக் கேட்ட உங்கள் காதுகளை நம்பி, மனச்சுமையை இறக்கி வைக்கப் பெரிதும் உதவுவது மருத்துவர் அறையே, மருத்துவர் அறையே என்று கூறி விடைபெறுகிறேன்.