மாம்பழம் பழுத்ததா, காயா?

ஆர்.கே. நாராயணின் முதல் நாவலான ‘சுவாமி அண்டு ஃபிரெண்ட்ஸ்’ 1935இல் லண்டனில் வெளியானது. எழுத்தாளர் கிரஹாம் கிரீனின் சிபாரிசால்தான் அது அச்சேறியது.

மால்குடி என்ற கற்பனை ஊரில் சுவாமி படிக்கும் ஆல்பர்ட் மிஷன் பள்ளிக்கு ராஜம் புதிதாக வருகிறான். போலீஸ் அதிகாரியின் மகன். நல்ல உடுப்பு, சரளமான இங்கிலீஷ். வகுப்பிலேயே முரடனான மணிக்கு அவனைக் கண்டாலே ஆகவில்லை. சண்டை போட்டுத் தீர்த்துக்கொள்வதென்று சரயு ஆற்றங்கரைக்குப் போகிறார்கள்; சுவாமியும் உடன் போகிறான். மணியிடம் தடி, ராஜத்திடம் காற்றுத் துப்பாக்கி. கடைசியில் ராஜம் பிஸ்கட்டை எடுக்கிறான், மூவரும் சிநேகிதர்களாகிறார்கள்.

இதன் பிறகுதான் கதை எனக்கு மிகவும் நெருக்கமாகிறது. ராஜம் வீட்டுக்கு வரப்போகிறான் என்றதும் சுவாமிக்கு இருப்புக்கொள்ளவில்லை. அப்பாவின் அறையைத் தனதுபோல் காட்டிக்கொள்ளக் கேட்டு வாங்குகிறான். அழுக்கு வேட்டியோடு எதிரில் வராதே என்று சமையற்காரரை எச்சரிக்கிறான். பணக்காரத் தோழன் வரும் நாளில் சொந்த வீட்டைப் பார்த்துக் கூசாத பிள்ளை உண்டா? பழைய நண்பர்களோ அவனை ராஜத்தின் ‘வால்’ என்று கேலி செய்து, பேச்சையே நிறுத்திவிடுகிறார்கள். நமக்குச் சிரிப்பு வருகிறது, ஆனால் சுவாமியின் வேதனையை நாராயண் ஓரிடத்திலும் இளக்காரமாக எழுதவில்லை. அவருடைய நகைச்சுவைக்கு உயிர் அதுதான்.

வேஷம் போடாத சுவாமியையும் அவர் காட்டுகிறார். அப்பா மாம்பழக் கணக்கு ஒன்று கொடுக்கிறார். பழம் பழுத்ததா, காயா என்று தெரியாமல் எப்படி விலை சொல்வது என்று பையன் தவிக்கிறான். இந்தப் புத்தகத்தில் என்னை அதிகம் சிரிக்கவைத்த பக்கம் இதுதான். அந்தக் கேள்வி சுவாமிக்கு மட்டுமே தோன்றும்.

முடிவில் நாராயண் சமாதானம் பேசவில்லை. கிரிக்கெட் பந்தயத்துக்கு சுவாமி வராமல் போனதை ராஜம் மன்னிக்கவில்லை. அப்பாவுக்கு மாற்றலாகி அவன் ஊரைவிட்டுப் போகும்போது, ஆண்டர்சனின் கதைப் புத்தகத்தோடு சுவாமி ரயிலடிக்கு ஓடுகிறான். ராஜம் ஏதோ சொல்கிறான். ரயில் சத்தத்தில் காதில் விழவில்லை.

வீட்டில் பத்து வயதுப் பிள்ளை இருந்தால் இந்தக் கதையைச் சொல்லுங்கள். சோகமாயிற்றே என்று அந்த ரயிலடிக் காட்சியை மட்டும் விட்டுவிடாதீர்கள்.