குனிந்த முதுகும் நிமிர்ந்த நடனமும்

(விருத்தாசலத்தில் பீங்கான் தொழிலாளர் குடும்பங்களின் கலைக்குழு ஒத்திகை தொடங்கிய அன்று ஆற்றிய உரை)



நான் எஸ்.எஸ்.எல்.சி.யோடு படிப்பை நிறுத்திவிட்டு இயக்க வேலைக்கு வந்தவன். நடனத்தைப் பற்றிப் பேச இவனுக்கு என்ன தகுதி என்று நீங்கள் கேட்கலாம். தகுதி இல்லைதான். ஆனால் தவறு செய்தவன் என்ற முறையில் பேசக் கடமைப்பட்டிருக்கிறேன். சென்ற ஆண்டு விழாவில் நம் பெண்கள் ஆட இருந்த ஆட்டத்தை நிகழ்ச்சி நிரலிலிருந்து அடித்தவன் நான். "நேரமில்லை" என்றேன். உண்மைக் காரணம் அதுவல்ல. பெண்கள் மேடையேறினால் ஊர் என்ன சொல்லுமோ என்ற பயம்! ஆட்டம் வேறு, போராட்டம் வேறு என்ற எண்ணம்!

அந்த எண்ணம் எவ்வளவு பிழையானது என்பதை ஒரு பெண்மணியின் வாழ்க்கை எனக்குக் காட்டியது. அவர் பெயர் சந்திரலேகா.

1928ல் மகாராஷ்டிரத்தில் பிறந்தவர். சட்டப் படிப்பை விட்டுச் சென்னைக்கு வந்து, காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் பரதம் பயின்றார். 1952ல் அரங்கேற்றம். அப்போது ராயலசீமாவில் கொடிய வறட்சி. அதன் நிவாரண நிதிக்காகவே அந்த நிகழ்ச்சி. ஆனால் மேடையில் அவர் ஆடியது எதை? யமுனை நதியின் நீர்ப்பெருக்கை, நீர் விளையாட்டை! ஆடிக்கொண்டிருக்கும்போதே, பத்திரிகைகளில் பார்த்த வெடித்த நிலங்கள் அவர் கண்முன் வந்து நின்றன. கைகள் தண்ணீரை அள்ளி இறைக்கின்றன. வசூலாகும் பணமோ குடிக்கத் தண்ணீர் இல்லாத மக்களுக்கு! கலைக்கும் வாழ்க்கைக்கும் நடுவே இத்தனை பெரிய பள்ளமா? இந்தக் கேள்வி அவரைக் கடைசிவரை விடவில்லை.

1972ல் 'நவக்கிரகம்' என்ற படைப்புக்குப் பிறகு பல ஆண்டுகள் அவர் நடன மேடையை விட்டு விலகி நின்றார். சும்மா இருந்தாரா? இல்லை. சித்திரமும் சுவரொட்டியும் தீட்டினார். பெண்கள் இயக்கத்திலும் மனித உரிமை வேலைகளிலும் ஈடுபட்டார். 'ஸ்கில்ஸ்' என்ற குழுவில் சேர்ந்து, சுவரொட்டி செய்யும் கலையை மக்கள் அமைப்புகளுக்குக் கற்றுக்கொடுத்தார். பலன்? 1982ல் அவர்மீது ராஜத்துரோக வழக்கு! எதிர்ப்புக் கிளம்பியது; பின்னர் வழக்கு கைவிடப்பட்டது.

1985ல் 'அங்கிகா' என்ற படைப்போடு மீண்டும் வந்தார். பரதத்தோடு யோகத்தையும் களரிப் பயிற்றையும் சேர்த்தார். புராணக் கதை இல்லை. நகைப் பகட்டு இல்லை. மனித உடலும் அதன் வலிமையுமே பொருள். பிறகு 'ஸ்ரீ' என்ற படைப்பில், முதுகெலும்பு வளைந்த பெண்கள் மேடையில் குனிந்தே நகர்கிறார்கள். பெண்ணினம் சுமந்துவந்த அடிமைத்தனம் அது. கடைசியில் பல கரங்கள் கொண்ட சக்தியாக எழுந்து நிற்கிறார்கள்.

இதைப் படித்தபோது எனக்கு நம் தொழிற்பேட்டைதான் நினைவுக்கு வந்தது. அச்சில் மண் கரைசலை ஊற்றி, பொம்மையை உருவி, விளிம்பு சீவி, பலகையில் அடுக்கி, நாள் முழுவதும் குனிந்தே இருக்கும் முதுகு யாருடையது? நம் சகோதரிகளுடையது அல்லவா? அந்த முதுகின் கதையை ஆடிக்காட்ட அவர்களைவிட உரிமை உள்ளவர் யார்?

பெண்கள் ஆடுவது நம் ஊருக்குப் புதிது என்று சில பெரியவர்கள் சொல்கிறார்கள். பழமலைநாதர் கோயில் கோபுர வாயிலில் ஒரு நிமிடம் நின்று பாருங்கள் ஐயா! பரத சாஸ்திரத்தின் கரணங்களைப் பெண் உருவங்கள் அங்கே கல்லில் ஆடிக்கொண்டிருக்கின்றன. கல்லில் ஆடினால் கும்பிடுவோம், உயிரோடு ஆடினால் முகம் சுளிப்போம் என்பது என்ன நியாயம்?

ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். சந்திரலேகாவின் நடனத்தைப் பார்த்தவர்களில் பெரும்பாலோர் நகரத்து ரசிகர்களும் வெளிநாட்டு ரசிகர்களுமே. சூளையடியில் நிற்பவர்களிடம் அது வந்து சேரவில்லை. 2006 டிசம்பரில் அவர் மறைந்தார். அவர் எழுப்பிய கேள்வி மறையவில்லை. வறட்சியில் வாடுகிறவர்முன் எந்த ஆட்டத்தை ஆடுவது? அதற்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் நாம்.

என்ன ஆட வேண்டும் என்று நான் சொல்லப்போவதில்லை. அதை ஆடுகிறவர்களே முடிவு செய்யட்டும். இந்த ஆண்டு நிகழ்ச்சி நிரலில் முதல் இடம் பெண்களின் ஆட்டத்துக்கு. நேரம் போதாவிட்டால், தோழர்களே, என் பேச்சை அடித்துவிடுங்கள்!