பொன் எழுத்தும் கல் எழுத்தும்



பெங்களூரில் அல்சூரை அடுத்து மர்பி டவுன் என்றொரு பகுதி உண்டு. முற்காலத்தில் நாக்ஸ்பேட்டை என்று வழங்கிய இவ்விடம், பின்னர் கண்டோன்மென்ட் எஞ்சினீயராய் இருந்த மர்பி என்பவரின் பெயரைப் பெற்றது. பட்டாளத்தைப் பின்பற்றியும் கட்டட வேலையைப் பின்பற்றியும் வந்த தமிழ்க் குடும்பங்கள் இங்கே நெடுங்காலமாய் வாழ்கின்றன. மத்திய சர்க்கார் அலுவலகம் ஒன்றில் மொழிபெயர்ப்பு வேலை பார்க்கும் நாமும் இங்கேதான் குடியிருக்கிறோம்.

நம் வீட்டிற்கு மூன்றாம் வீட்டில் ராவுத்தர் ஒருவர் இருக்கிறார். வயது எழுபதைக் கடந்தவர். நாற்பது ஆண்டுகள் மொசைக் தரை போட்டவர். பளிங்குச் சில்லும் சிமெண்டும் கலந்து பரப்பி, இரு நிறங்களுக்கு நடுவே கண்ணாடிப் பட்டி பதித்து, நாட்கணக்கில் தேய்த்து மெருகேற்றும் தொழில் அது. இன்று வழவழப்பான ஓடுகள் கடையிலேயே விற்கப்படுவதால், அவ்வேலைக்கு அவரை அழைப்பார் இல்லை.

அவர் வீட்டுச் சுவரில் ஜெருசலேம் நகரத்துப் பாறைக் குவிமாடத்தின் படத்தோடு ஒரு காலண்டர் தொங்குகிறது. எண்கோணக் கட்டடம், நீல ஓடுகள், பொன் நிறக் குவிமாடம். நீல ஓட்டின் மேல் வெள்ளை எழுத்தில் ஒரு வரி கட்டடத்தைச் சுற்றி ஓடுகிறது. “இது என்ன எழுத்து, தம்பி? எவ்வளவு பழசு?” என்று ஒருநாள் வினவினார். நாம் எங்கோ படித்திருந்த துணிவில், “ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு முந்தியது, கண்ணாடிச் சில்லும் பொன்னும் சேர்த்துப் பதித்தது” என்று விடை பகர்ந்தோம்.

ராவுத்தர் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அருகில் சென்று எழுத்துக் கூட்டினார். “சில்லு மாதிரி இல்லையே, தம்பி. இது சுட்ட ஓடு. அன்றியும் இது யாசீன் அல்லவா? விடியற்காலையில் நான் ஓதுவது!” என்றார்.

வெட்கத்தோடு வீடு திரும்பிப் புத்தகங்களைப் புரட்டினோம். அவர் சொன்னதே சரி. வெளிச்சுவரின் நீல ஓடுகள் பதினாறாம் நூற்றாண்டில் துருக்கிய சுல்தான் சுலைமான் காலத்தில் தொடங்கிய திருப்பணி. அதற்கு முன் வெளிப்புறத்திலும் சில்லுச் சித்திரங்களே இருந்தன. மழையிலும் வெயிலிலும் அவை அழிந்துபோயின. நாம் சொன்ன பழைய எழுத்து உள்ளே இருக்கிறது. அடுத்த ஞாயிறு மீண்டும் அவர் வீட்டுத் திண்ணைக்குச் சென்று தவற்றை ஒப்புக்கொண்டோம். அன்று தொடங்கிய பேச்சின் சாரத்தையே இன்று உங்கள் முன் வைக்கிறோம்.

உமையா மரபைச் சேர்ந்த கலீபா அப்துல் மலிக் 685 முதல் 705 வரை ஆண்டார். பாறைக் குவிமாடம் அவர் எழுப்பியது. உள்ளே பாறையைச் சுற்றி வட்டமாய்த் தூண்கள். அவற்றைச் சுற்றி எண்கோணமாய் மற்றொரு தூண் வரிசை. இந்த எண்கோண வளைவுகளின் உச்சியில், உட்பக்கமும் வெளிப்பக்கமுமாக, ஏறத்தாழ 240 மீட்டர் நீளத்திற்கு ஒரே வரியாக எழுத்து ஓடுகிறது. கரும்பச்சையோடு கலந்த நீலப் பின்னணியில் பொன் எழுத்து. கோணல் மாணலின்றி நேர்க்கோடுகளால் ஆகிய கூஃபி என்னும் பழைய அரபு வரிவடிவம். முடிவில் ஹிஜ்ரி 72 என ஆண்டு குறிக்கப்பட்டிருக்கிறது. அதாவது 691 அல்லது 692.

பொன் எழுத்து என்றவுடன் பொன்னை உருக்கி வார்த்ததாக எண்ண வேண்டாம். கண்ணாடித் துண்டின் மேல் மெல்லிய பொன் தகட்டை ஒட்டி, அதன் மேல் மற்றொரு மெல்லிய கண்ணாடிப் படலத்தைப் பூசிச் சுட்டு, சிறு சிறு சதுரச் சில்லுகளாக உடைப்பார்கள். ஈரச் சுண்ணச் சாந்தில் ஒவ்வொன்றாய் அழுத்திப் பதிப்பார்கள். பைசாந்தியத் தேவாலயங்களில் வளர்ந்த கலை இது. சில்லுகளைச் சிறிது சாய்த்துப் பதித்தால், கீழே நிற்பவன் கண்ணுக்கு ஒளி மின்னும். இதைக் கூறியபோது ராவுத்தர் தலையசைத்து, “சரிதான், சமமாய்ப் பதித்தால் உயரத்தில் செத்துக் கிடக்கும்” என்றார். புத்தகம் ஒரு பக்கத்தில் விளக்கியதை அவர் ஒரு வாக்கியத்தில் முடித்துவிட்டார்.

சித்திரங்களில் மனித உருவமோ விலங்கோ கிடையாது. செடியும் கொடியும் பழங்களும் முத்தாரங்களும் மகுடங்களுமே உள்ளன. வேறு ஆலயங்களில் உருவங்கள் செய்யும் வேலையை இங்கே சொற்கள் செய்கின்றன. ஆகவே அந்தச் சொற்கள் யாரிடம் பேசுகின்றன என்பது முக்கியமான வினா.

அக்காலத்தில் ஜெருசலேமில் கிறிஸ்தவர்களே மிகுதி. ஏசுநாதரின் கல்லறைத் தேவாலயம் அருகிலேயே தன் பெரிய குவிமாடத்தோடு நின்றது. பாறைக் குவிமாடத்தின் வாசகம் இறைவன் ஒருவனே, அவனுக்கு இணை இல்லை என்று தொடங்குகிறது. நபிகள் நாயகத்தின் மீது வாழ்த்துச் சொல்லுகிறது. பின்பு வேதம் பெற்ற மக்களை நேராக விளிக்கிறது. மரியத்தின் மகனான ஈஸா இறைவனின் தூதர் என்று போற்றி, அவர் பிறந்த நாளையும் இறக்கும் நாளையும் மீண்டும் எழும் நாளையும் வாழ்த்துகிறது. இறைவனை மூவராக எண்ணவேண்டா என்றும் கூறுகிறது. கருத்து வேற்றுமையை மறைக்கவில்லை. எனினும் எதிரில் நிற்பவர் போற்றும் பெயரை மரியாதையோடே உச்சரிக்கிறது.

“ஈஸா நபியைப் பற்றியா இவ்வளவும்?” என்று ராவுத்தர் வியந்தார். இவ்வசனங்கள் யாவும் அவர் சிறு வயது முதல் ஓதியவை. பொருள் தெரியாமல் ஓதியவை என்பதை அவரே கூறினார். நமக்கோ பொருள் புத்தகத்தின் வாயிலாய்த் தெரியும், ஓசை தெரியாது. ஒரு வாசகத்தை நாங்கள் இருவரும் ஆளுக்குப் பாதியாய் வைத்திருந்தோம்.

அத்தனை உயரத்தில், மங்கிய ஒளியில், புள்ளிகள் அரிதாகவே இட்ட எழுத்தை யார் படிக்க முடியும் என்று அறிஞர்கள் கேட்டிருக்கிறார்கள். நாமும் அதே ஐயத்தை எழுப்பினோம். ராவுத்தருக்கு அது ஐயமாகவே தோன்றவில்லை. “மனப்பாடம் உள்ளவனுக்கு முதல் சொல் கண்ணில் பட்டால் போதும், தம்பி. மற்றது நாக்கில் வந்துவிடும்” என்றார்.

ஒரு வேடிக்கையும் உண்டு. அப்துல் மலிக்குக்கு ஒரு நூற்றாண்டுக்குப் பின், 813 முதல் 833 வரை ஆண்ட அப்பாசிய கலீபா அல் மஃமூன், கட்டியவர் பெயர் இருந்த சில்லுகளைப் பெயர்த்துத் தம் பெயரைப் பதிக்கச் செய்தார். இடம் போதாமல் எழுத்துகள் நெருங்கிவிட்டன. நீலமும் சற்று மாறிவிட்டது. ஆனால் 72 என்ற ஆண்டை மாற்ற மறந்துவிட்டார்கள்! கோப்புகளோடு வாழ்பவர்களுக்கு இது புதுமையன்று. பழைய உத்தரவில் கையொப்பத்தை மட்டும் மாற்றித் தேதியை விட்டுவிடும் வழக்கம் உலகில் மிகத் தொன்மையானது போலும்.

அந்த அப்துல் மலிக்கே ஹிஜ்ரி 77-இல் உருவமில்லாத, எழுத்து மட்டுமே உள்ள பொன் நாணயத்தை அடிப்பித்தார். அவர் ஆட்சியில்தான் கிரேக்கத்திலும் பாரசீகத்திலும் எழுதப்பட்டுவந்த அரசாங்கக் கணக்குகள் அரபுக்கு மாற்றப்பட்டன. எத்தனை மொழிபெயர்ப்பாளர்கள் இரவு விளக்கில் கண்விழித்தார்களோ என்று நம் இனத்தவரை எண்ணி நாம் இரங்குவதுண்டு.

நம் தமிழ்நாட்டுப் பழைய பள்ளிவாசல்களில் பொன் சில்லு கிடையாது. கீழக்கரை போன்ற ஊர்களில் கோயில் மண்டபம் கட்டிய அதே மரபுச் சிற்பிகள், உருவங்களை விடுத்துப் பூவும் கொடியும் செதுக்கிக் கருங்கல்லில் தூண் நிறுத்தினார்கள். எழுத்துக்குச் சிறந்த உதாரணம் சென்னைத் திருவல்லிக்கேணியில் இருக்கிறது. ஆர்க்காட்டு நவாப் முகம்மது அலி வாலாஜாவின் நினைவாக 1795-இல் எழுந்த வாலாஜா பள்ளிவாசல் அது. அங்கே கல்லில் பொறித்துள்ள பாரசீக வாசகத்தை இயற்றியவர் நவாபின் அலுவலில் இருந்த ராஜா மக்கன் லால் என்னும் இந்துப் புலவர்.

அவ்வாசகத்தில் கட்டிய ஆண்டு இலக்கத்தில் இல்லை; சொல்லுக்குள் மறைந்திருக்கிறது. தமிழில் ‘க’ ஒன்றையும் ‘உ’ இரண்டையும் குறிப்பதுபோல, அரபு எழுத்துகளுக்கும் எண் மதிப்பு உண்டு. இறைவனை நினைப்பதே பெரிது என்னும் பொருள்படப் புலவர் மூன்று சொற்களைக் கோத்தார். நினைவு என்னும் பொருளுடைய ‘திக்ர்’: 700, 20, 200; ஆக 920. ‘அல்லாஹ்’: 1, 30, 30, 5; ஆக 66. ‘அக்பர்’: 1, 20, 2, 200, ஆக 223. மூன்றையும் கூட்டினால் 1209. ஹிஜ்ரி 1209 என்பது 1794-இன் நடுவில் தொடங்கி 1795-இன் நடுவில் முடிந்த ஆண்டு. ராவுத்தர் இதைக் கேட்டு, கொத்தனார் பென்சிலால் திண்ணைத் தரையிலேயே இருமுறை கூட்டிச் சரிபார்த்தார்.

மர்பி டவுனிலிருந்து தொம்லூர் அதிகத் தொலைவில்லை. அங்கே சொக்கநாதர் கோயிலில் பதின்மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த தமிழ்ச் சாசனங்கள் இருக்கின்றன. சென்ற மாதம் எட்டாம் வகுப்பில் படிக்கும் நம் மகளை அங்கு அழைத்துச் சென்றோம். பள்ளியில் கன்னடமும் ஆங்கிலமும் படிக்கிறாள்; வீட்டில் தமிழ் பேசுகிறாள்; எழுத்துக் கற்பிக்க நாம் நேரம் ஒதுக்கவில்லை. கல்லைத் தடவிப் பார்த்து, “அப்பா, இது டிசைனா?” என்று கேட்டாள். நமக்கும் ககரமும் மகரமும் தவிர உடனே ஒன்றும் விளங்கவில்லை. மெதுவாய் எழுத்துக் கூட்டத்தான் முடிந்தது. இப்பொழுது மாலையில் அரை மணி அவள் பலகை எடுத்து உட்காருகிறாள். சில நாள் நாம் அலுவலகத்திலிருந்து வரத் தாமதமானால், ராவுத்தரே அவளுக்குத் தமிழ் அரிச்சுவடி சொல்லிக் கொடுக்கிறார்.

அவருக்கு ஓர் ஆசை பிறந்திருக்கிறது. பேத்திக்குக் கட்டும் சிறு வீட்டின் வாசற்படியில், மற்றவர்கள் ஓடு போட்டாலும், ஒரு முழ அகலத்திற்குத் தம் கையாலேயே மொசைக் போடப் போகிறார். அதில் இவ்வாண்டைச் சொல்லுக்குள் ஒளித்து வைக்க வேண்டுமாம். சொல் தேடும் வேலை நம்முடையது. எழுத்து மதிப்புப் பட்டியலை வைத்துக்கொண்டு ஞாயிறுதோறும் திண்ணையில் உட்காருகிறோம். நேற்று வரை கிடைத்ததில் நல்ல தொடர் ஒன்று உண்டு. கூட்டிப் பார்த்தால் பதினாறு குறைகிறது.