டாட்டாவின் மருமகன், தொழிலாளியின் தோழன்

(கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டைத் தோழர்களிடையே நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)



டாட்டா என்ற பெயரை அறியாதவர் உங்களில் எவரும் இரார். அந்த டாட்டா குடும்பத்தில் வளர்ந்த ஒருவர் பிரிட்டிஷ் பார்லிமெண்டிலே கம்யூனிஸ்டு உறுப்பினராக அமர்ந்து ஏகாதிபத்தியத்தின் முகத்துக்கு நேரே விரல் நீட்டிப் பேசினார் என்பதை உங்களில் எத்தனை பேர் அறிவீர்கள்? ஷாபுர்ஜி சக்லத்வாலா என்பது அவர் பெயர்.

1874 மார்ச் 28-ல் பம்பாயில் பார்ஸிக் குடும்பத்தில் பிறந்தவர். தாயார் ஜெர்பாய், ஜாம்ஷெட்ஜி டாட்டாவின் உடன்பிறந்தவர். பம்பாயைப் பிளேக் நோய் சூறையாடிய நாட்களில் நிவாரணப் பணியில் இறங்கி, ஏழை மக்களின் இருட்டறைகளைக் கண்ணாரக் கண்டார். பிறகு மாமனின் கம்பெனிக்காக, இன்று ஜார்க்கண்ட் என்றும் ஒடிசா என்றும் வழங்கும் பகுதிகளின் காடுகளில் இரும்புத்தாதும் நிலக்கரியும் தேடி அலைந்தார். ஜாம்ஷெட்பூர் உருக்காலைக்கு வழிகோலிய அலைச்சல் அது. இதை நினைவில் வையுங்கள். மீண்டும் இதற்கு வருகிறேன்.

1905-ல் கம்பெனி வேலையாக இங்கிலாந்து சென்றார். தொழிலாளர் குடும்பத்துப் பெண் சாலி மார்ஷை 1907-ல் மணந்தார். 1909-ல் சுயேச்சைத் தொழிற்கட்சி, 1921-ல் கம்யூனிஸ்டுக் கட்சி. 1922-ல் லண்டனின் வடக்கு பாட்டர்ஸீ தொகுதித் தொழிலாளர்கள் அவரைப் பார்லிமெண்டுக்கு அனுப்பினர். 1923-ல் தோற்று, 1924-ல் கம்யூனிஸ்டு வேட்பாளராகவே நின்று வென்று, 1929 வரை இருந்தார். அவருக்கு முன் அந்தச் சபையில் இரு இந்தியர் இருந்ததுண்டு. 1892-ல் வென்ற தாதாபாய் நவுரோஜி லிபரல். 1895-ல் வென்ற பவநாக்ரி கன்சர்வேடிவ். ஆலைக் கூலியாளின் கணக்கை அங்கே எடுத்து வைத்த முதல் இந்தியர் சக்லத்வாலாதான்.

1926 மே தினத்தன்று, லண்டன் ஹைட் பார்க்கில், தொழிலாளர்மீது சுடாதீர்கள் என்று சிப்பாய்களை வேண்டிப் பேசினார். கைது! நன்னடத்தை ஜாமீன் கொடுத்தால் வீட்டுக்குப் போகலாம் என்றது நீதிமன்றம். மறுத்தார். இரண்டு மாதச் சிறை.

அவர் குறையே இல்லாத மனிதர் என்று நான் சொல்ல வரவில்லை. 1927-ல் தம் பிள்ளைகளுக்குப் பார்ஸி மதச் சடங்கை லண்டனில் நடத்தினார். கட்சி பகிரங்கமாகவே கண்டித்தது. கண்டனத்தை ஏற்றுக்கொண்டு கட்சியிலேயே நின்றார். இதை மறைப்பானேன்?

அதே ஆண்டின் தொடக்கத்தில்தான் இந்தியாவெங்கும் சுற்றுப்பயணம் செய்தார், சென்னைக்கும் வந்தார். காந்தியாருக்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார். கதர் போதாது, தொழிலாளரையும் விவசாயிகளையும் திரட்டுங்கள் என்பது அதன் சாரம். காந்தியார் இணங்கவில்லை, ஆயினும் மரியாதையோடு ‘யங் இந்தியா’வில் பதில் எழுதினார். சர்க்காருக்குத்தான் அந்த மரியாதை இல்லை. மறுபடியும் தாய்நாட்டுக்கு வர முடியாதபடி அனுமதியை ரத்துச் செய்தது. 1929-ல் வந்த தொழிற்கட்சி ஆட்சியும் அந்தத் தடையை நீக்கவில்லை. 1936 ஜனவரி 16-ல் லண்டனில் காலமானார்.

தோழர்களே, இந்த வரலாற்றை இந்தத் தொழிற்பேட்டையில் நின்று சொல்வதற்குக் காரணம் உண்டு. ஸ்காட்லாந்தில் டண்டீ என்றொரு நகரம். சணல் ஆலைகளால் வாழ்ந்த ஊர். கல்கத்தாவில், ஹூக்ளிக் கரையில், சணல் ஆலைகள் பெருகின. டண்டீயில் வேலை குறைந்தது. “இந்தியன் நம் சோற்றைப் பறித்தான்” என்று வெள்ளைத் தொழிலாளி நினைக்கலாம் அல்லவா? சக்லத்வாலா அந்த வெள்ளைத் தொழிலாளியிடமே போய்க் கணக்குச் சொன்னார். கல்கத்தாத் தொழிலாளி அரைவயிற்றுக் கூலி வாங்குகிறான். மிச்சம் முதலாளியின் பையில் விழுகிறது. அந்தக் கூலி உயராதவரை உன் கூலியும் நிலைக்காது. ஆகவே அவன் சங்கத்துக்கு நீ துணை நில் என்றார். 1917-ல் லண்டனில் இந்தியத் தொழிலாளர் நலச் சங்கம் அமைக்க அவர் முன்னின்றதும் இந்தக் கணக்கை வைத்துத்தான்.

இப்போது நம் வாயிலைப் பாருங்கள். உருக்கு உலைகளிலும் கம்பி உருட்டாலைகளிலும் வெந்துகொண்டிருப்பவர் யார்? பீகாரியும் ஒடியரும் ஜார்க்கண்டுத் தோழரும்! சக்லத்வாலா இரும்பு தேடிய அந்த மண்ணிலிருந்தே, இரும்போடு இரும்பாக, காண்டிராக்டர் கையில் வந்து சேர்ந்தவர்கள். “வடக்கத்தியான் வந்தான், எங்கள் பிள்ளைகளுக்கு வேலை போயிற்று” என்று திருவள்ளூர் மாவட்டத்துக் கிராமங்களில் பேச்சு எழுகிறது. வேலையில்லாப் பிள்ளையை வீட்டில் வைத்திருக்கும் தகப்பனின் வேதனை அது; அதை நான் பழிக்க மாட்டேன். ஆனால், அவனைக் குறைந்த கூலிக்கு அமர்த்தியவர் யார்? பன்னிரண்டு மணி நேரம் நிறுத்தி வைப்பவர் யார்? அவன் கூலி ஏறிவிட்டால், அவனை நாடி ஆயிரம் கல் தொலைவு ஆள் அனுப்ப முதலாளிக்கு என்ன அவசியம்?

இந்தித் திணிப்பை எதிர்த்து நின்ற மண் இது; என்றும் நிற்கும். அந்தச் சண்டை டில்லியோடு. உலையடியில் நிற்பவனுக்கு அதில் என்ன பங்கு?

அவன் தங்கியிருக்கும் கொட்டகைக்கு இந்த வாரமே போங்கள். கூலிச் சீட்டு உண்டா, பிடித்தம் எவ்வளவு, அடிபட்டால் யார் பார்ப்பார் என்று கேளுங்கள். அடுத்த வாயிற்கூட்டத்துக்கு அழைத்து வாருங்கள். அவன் மொழியில் பேசத் தோழர் ஒருவரை ஏற்பாடு செய்யும் பொறுப்பு என்னுடையது.