பிஜித் தீவின் செரெவியும் நம் நகர் மைதானமும்

(குடியரசு தின விளையாட்டு விழாவை ஒட்டி நடந்த சங்கக் கூட்டத்தில், நம் நகர் உறுப்பினரான ஓய்வுபெற்ற உடற்கல்வி ஆசிரியர் ஆற்றிய உரை. கூட்டத்துக்கு வர இயலாதவர்களுக்காகவும், வெளிநாட்டில் வேலை பார்க்கும் பூலாம்பாடிக்காரர்களுக்காகவும் இங்கே வெளியிடுகிறோம்.)



பத்து நிமிடம் என்று சொல்லியிருக்கிறார்கள். விளையாட்டு விழா என்றால் சச்சினைப் பற்றிப் பேசுவார்கள், ஆனந்தைப் பற்றிப் பேசுவார்கள். நான் பேசப்போவது உங்களில் பலர் பெயரே கேட்டிராத ஒருவரைப் பற்றி. வைசாலே செரெவி. பிஜித் தீவுக்காரர். ரக்பி ஆட்டக்காரர், பிறகு பயிற்சியாளர்.

ரக்பி என்றவுடன் பயப்பட வேண்டாம். கபடி தெரிந்தவர்களுக்குப் பாதி ரக்பி தெரியும். ஆளைப் பிடித்துக் கீழே சாய்ப்பதுதான் இரண்டிலும் வேலை. தேங்காய் மாதிரி நீள்வட்டப் பந்தைக் கையில் எடுத்துக்கொண்டு எதிரியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் தரையில் வைத்தால் 5 புள்ளி. கையால் எறிந்தால் பந்து பக்கவாட்டிலோ பின்னாலோதான் போக வேண்டும், முன்னால் எறியக் கூடாது. அதாவது முன்னேற வேண்டுமானால் நீங்களே ஓட வேண்டும். முடியாதபோது பின்னால் வரும் கூட்டாளியை நம்பிக் கொடுக்க வேண்டும். 15 பேர் ஆடுவது பெரிய ஆட்டம். செரெவி பேர் வாங்கியது 'செவன்ஸ்' என்ற சின்ன ஆட்டத்தில். அணிக்கு 7 பேர், நம் கபடியைப் போலவே. பாதிக்கு 7 நிமிடம், ஆனால் மைதானம் மட்டும் அதே முழு மைதானம். ஓடி மூச்சு வாங்கிவிடும்.

பிஜியின் ஜனத்தொகை சுமார் 9 லட்சம். நம் பெரம்பலூரையும் அரியலூரையும் சேர்த்தால் வருவதைவிடக் குறைவு. நமக்கும் அந்தத் தீவுக்கும் ஒட்டு உறவு உண்டு. 1879 முதல் 1916 வரை கரும்புத் தோட்ட வேலைக்கு 60,000-க்கும் மேற்பட்ட இந்தியர்களை ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பல் ஏற்றிக்கொண்டு போனார்கள். 1903-க்குப் பிறகு சென்னைத் துறைமுகத்திலிருந்தும் கப்பல் போனது, தமிழர்கள் போனார்கள். அந்தப் பெண்களின் கண்ணீரைத்தான் பாரதியார் பாட்டாக எழுதினார். அவர்கள் பேரப்பிள்ளைகள் இன்றும் நாடி நகரில் முருகனுக்குக் காவடி எடுக்கிறார்கள். அவர்களுக்குப் பிரியமான ஆட்டம் கால்பந்து. ரக்பி, தீவின் பூர்வகுடி மக்களின் ஆட்டம். பந்து வாங்கக் காசில்லாத பிள்ளைகள் காலி பிளாஸ்டிக் பாட்டிலை வைத்துக்கொண்டு ஆடுவார்கள்.

செரெவி 1968-ல் பிறந்தவர். ரக்பிக்காரர் என்றால் மலை மாதிரி உடம்பு என்று நினைப்போம். இவர் உயரம் ஐந்தரை அடிக்குச் சற்றுத்தான் கூட. நம் பஸ் ஸ்டாண்டில் நின்றால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். ஓடிக்கொண்டிருக்கும்போதே ஓட்டத்தின் வேகத்தை நொடியில் குறைத்து, எதிரி தடுமாறியதும் மறுபடி பாய்வார். ஒரு பக்கம் பார்த்துக்கொண்டு மறுபக்கம் பந்தைக் கொடுப்பார். கபடியில் நல்ல பாடகர் காலை நீட்டுவதுபோல் காட்டிக் கையால் தொடுவாரே, அந்த வித்தை.

1997-ல் ஹாங்காங்கில் செவன்ஸ் உலகக் கோப்பை. செரெவி தலைமையில் பிஜி இறுதி ஆட்டத்தில் தென்னாப்பிரிக்காவை 24-21 என்று வென்றது. எட்டு வருடம் கழித்து, 2005-ல், அதே ஹாங்காங், அதே கோப்பை, அதே கேப்டன். வயது 36. இந்த ஆட்டத்தில் அது தாத்தா வயது. அரையிறுதியில் இங்கிலாந்துடன் சமநிலையாகி, கூடுதல் நேரம் போய்த்தான் ஜெயித்தார்கள். இறுதியில் நியூசிலாந்து, 29-19. இரண்டு முறை அந்தக் கோப்பையைத் தூக்கிய கேப்டன். 15 பேர் ஆட்டத்திலும் மூன்று உலகக் கோப்பைகளில் ஆடியிருக்கிறார். ஆனால் அங்கே அவர் ராஜா இல்லை, உள்ளதைச் சொல்ல வேண்டும். இங்கிலாந்தில் லெஸ்டர் கிளப்புக்குப் போனார், பிரான்சுக்கும் ஜப்பானுக்கும் போனார். பெரிய உடம்புக்காரர்கள் நெருக்கியடித்து ஆடும் ஆட்டத்தில் அவருக்கு ஓட இடம் கிடைக்கவில்லை என்பது என் எண்ணம்.

இனி பயிற்சியாளர் கதை. எனக்கு இதுதான் முக்கியம். 2005-06 சீசனில் அவரே ஆட்டக்காரர், அவரே பயிற்சியாளர். உலகத் தொடர் தொடங்கியதிலிருந்து ஆறு வருடமும் நியூசிலாந்துதான் ஜெயித்திருந்தது; அந்த வருடம் பிஜி பறித்தது. ஆனால் தேசியப் பயிற்சியாளர் பதவி அவருக்கு நீடிக்கவில்லை. ஊரே கொண்டாடிய மனிதர் ஒதுக்கப்பட்டார். நம்மூர் கபடிக் குழுக்களில் இதெல்லாம் பார்த்ததுதானே.

அதற்குப் பிறகு என்ன செய்தார்? அமெரிக்காவில் சியாட்டில் நகருக்குப் போய், ரக்பி என்றால் என்னவென்றே தெரியாத பிள்ளைகளுக்குப் பந்து பிடிக்கச் சொல்லிக் கொடுக்க ஒரு நிறுவனம் தொடங்கினார். 2013-ல் உலக ரக்பியின் புகழ் மண்டபத்தில் அவர் பெயர் சேர்ந்தது. 2016-ல் ரியோ ஒலிம்பிக்கில் முதன்முறையாகச் செவன்ஸ் வந்தது. பிஜி பிரிட்டனை 43-7 என்று தோற்கடித்துத் தங்கம் வாங்கியது. எந்த விளையாட்டிலும் அந்த நாட்டுக்கு அதுவே முதல் ஒலிம்பிக் பதக்கம். அரசாங்கம் அதற்காக ஏழு டாலர் நோட்டு அச்சடித்தது. அந்த அணியில் செரெவி இல்லை. வயது 48. அவர் காலத்தில் ஒலிம்பிக்கில் இந்த ஆட்டமே கிடையாது.

அதே மனிதரைத்தான் பின்னால் நம் இந்திய ரக்பி சங்கம் தேசியச் செவன்ஸ் அணிகளுக்குத் தலைமைப் பயிற்சியாளராக அழைத்து வந்தது. இந்தியாவில் ரக்பியா என்று கேட்பீர்கள். 1872-லேயே கல்கத்தாவில் ஆடியிருக்கிறார்கள். அந்த வெள்ளைக்காரர் கிளப் கலைந்தபோது வங்கியில் மிச்சமிருந்த வெள்ளி ரூபாய்களை உருக்கிச் செய்த கோப்பைக்குத்தான் இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் இன்றுவரை மோதுகின்றன. கோப்பை மட்டும் அங்கே போய்விட்டது! ஆனால் ஒடிசாவின் பழங்குடிப் பள்ளிப் பிள்ளைகள் 2007-ல் லண்டன் போய் 14 வயதுக்குட்பட்டோர் போட்டியில் ஜெயித்து வந்தார்கள். 2019-ல் நம் பெண்கள் அணி சிங்கப்பூரை 21-19 என்று வென்றது. 15 பேர் ஆட்டத்தில் அவர்களுக்கு அதுவே முதல் வெற்றி. அந்தப் பிள்ளைகளுக்கு வீட்டில் வசதி இல்லை. சொல்லிக் கொடுக்க ஆள் இருந்தது, ஓட இடம் இருந்தது.

இப்போது நம் நகருக்கு வருகிறேன். இன்றைய கூட்டத்தின் மூன்றாவது பொருள், பொது இடத்தில் தகரக் கூரை போட்டு மண்டபம் கட்டுவது. காது குத்து, வளைகாப்பு என்றால் பெரம்பலூருக்கு ஓட வேண்டியிருக்கிறது என்று சொல்லும் சகோதரிகளின் சிரமம் நியாயமானது. நான் மண்டபத்துக்கு எதிரி இல்லை. ஆனால் வரைபடத்தில் மண்டபம் நட்டநடுவில் நிற்கிறது. சுற்றி வண்டி நிறுத்த இடம். பிள்ளைகள் எங்கே போவார்கள்? ரோட்டில் மக்காச்சோள லாரி போகிறது.

கபடிக்கு வேண்டியது 13 மீட்டருக்கு 10 மீட்டர், சுற்றிலும் கொஞ்சம் இடம். மண்டபத்தை வடக்கு ஓரமாகத் தள்ளினால் அது தாராளமாகக் கிடைக்கும், ஓடவும் இடம் மிஞ்சும். நம் நகரிலேயே மாவட்ட அணிக்கு ஆடிய தம்பிகள் மூன்று பேர் இருக்கிறார்கள். ஒருவர் இப்போது வெங்காய மண்டியில் கணக்கு எழுதுகிறார், ஒருவர் ஆட்டோ ஓட்டுகிறார், ஒருவர் துபாயிலிருந்து திரும்பி வந்து ஆறு மாதம் ஆகிறது. மூவரிடமும் பேசிவிட்டேன். ஞாயிறுதோறும் காலை ஆறு மணிக்கு வரச் சம்மதித்திருக்கிறார்கள். பெண் பிள்ளைகளுக்கும் சேர்த்துத்தான். பணம் கேட்கவில்லை, மேலே ஒரு லைட், ஓரத்தில் ஒரு தண்ணீர்க் குழாய் கேட்கிறார்கள்.

அளந்து வரைந்த தாள் ஒன்று செயலாளர் மேசையில் இருக்கிறது. தீர்மானத்துக்குக் கை தூக்கும் முன் எல்லோரும் எழுந்து போய் ஒரு முறை பார்த்துவிடுங்கள். டேப் என் பையில் இருக்கிறது, சந்தேகம் உள்ளவர்களோடு இப்போதே மைதானத்துக்கு வரத் தயார்.