ஓநாய் இல்லாத காடு

(சல்லியில் நடைபெற்ற வருடாந்தக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



கோணேசப் பெருமானைத் தரிசிக்கக் கோட்டை வாசலால் செல்லும்போது நீங்கள் எல்லோரும் புள்ளிமான்களைக் கண்டிருப்பீர்கள். மனிதருக்கு அஞ்சாது, வீதியோரக் குப்பையையும் பொலித்தீன் பையையும் தின்று நிற்கும் மான்கள் அவை. அவற்றைக் கொன்று தின்னும் மிருகம் அங்கே இல்லாததை நல்ல காலம் என்று எண்ணுகிறோம். அந்த எண்ணம் காட்டுக்கும் பொருந்துமா என்பதையே இன்று பேச விரும்புகிறேன்.

அமெரிக்காவில் 1872-ஆம் ஆண்டு பாதுகாக்கப்பட்ட யெல்லோஸ்டோன் வனத்தில், ஓநாய் கொடியது என்று கருதி அதிகாரிகளே அதை அழித்தார்கள். 1926-உடன் அங்கு ஓநாய்க் கூட்டம் அற்றுப்போயிற்று. பிறகு நடந்தது என்ன? எல்க் என்னும் பெரிய மான்கள் பெருகி, ஆற்றங்கரை இளமரங்களைத் தளிரிலேயே தின்று தீர்த்தன. 1995, 1996-இல் கனடாவிலிருந்து 31 ஓநாய்களைக் கொண்டுவந்து விட்டார்கள். மான் தொகை குறைந்தது. பல இடங்களில் மரங்கள் மீண்டும் தலையெடுத்தன. கரடிக்கும் மலைச்சிங்கத்துக்கும் இதிலே பங்குண்டு. புகழ் முழுவதும் ஓநாய்க்கே உரியதன்று. ஆயினும் ஓநாயை நீக்கிய கணக்கு அங்கே பிழைத்துப்போனது உண்மை.

பாரத நாட்டிலே, குஜராத்தின் வேளாவதர் புல்வெளி 1976-இல் தேசிய வனமாயிற்று. அங்கே வெளிமானும் அதை வேட்டையாடும் ஓநாயும் ஒரே வேலிக்குள் காக்கப்படுகின்றன. நலிந்ததும் நோயுற்றதுமே பெரும்பாலும் முதலில் பிடிபடும். எஞ்சிய மந்தை வலிவுறும். இந்திய ஓநாய்கள் இன்று ஏறத்தாழ 3,000 அளவிலேயே உள்ளன.

வீமனுக்கு விருகோதரன் என்று ஒரு பெயர். ஓநாய் வயிறன் என்பது பொருள். பாரதக் கதையால் நாம் அறிந்த அந்த ஓநாய் ஈழத்திலே இல்லை. இங்கே மானையும் மரையையும் அடக்கி வைப்பது சிறுத்தை. வயல் எலியைத் தின்பதும், செத்ததைத் தின்று காட்டைத் துப்புரவாக்குவதும், ஓநாயின் இனத்தானாகிய நரி.

அந்த நரிக்கு நாம் செய்யும் கைம்மாறு என்ன? கோழி பிடிக்கிறதென்று நஞ்சு வைக்கிறோம். நரிக்கொம்பு வைத்திருந்தால் நினைத்தது நடக்கும் என்கிறோம். இந்த நம்பிக்கையை எமர்சன் டெனன்ட் துரை 1861-இலேயே எழுதி வைத்தார். நான் ஒன்று கேட்கிறேன்: அந்தக் கொம்பு அதிர்ஷ்டம் தருமென்றால், அதைத் தலையிலேயே சுமந்த நரிக்கு ஏன் தரவில்லை?

மணிவாசகருக்காக எம்பெருமான் நரியைப் பரியாக்கினார். அவர் விளையாட்டுக்கு உகந்த பிராணி நம் நஞ்சுக்கு இரையாகலாமா?

வாலிபர்களே, கோட்டைக்குள் சிறுத்தையைக் கொண்டுவந்து விடுங்கள் என்று நான் சொல்லவில்லை. ஊருக்குள் வந்த மானுக்கு நாமே காவல். ஆகவே கோயிலுக்குப் போகும்போது பொலித்தீனை வீசாதீர்கள். கோழியை இரவில் கூட்டில் அடையுங்கள். நஞ்சு வைக்காதீர்கள், அது நரியோடு நில்லாது, பருந்தையும் வீட்டு நாயையும் கொல்லும். நாய்களுக்கு விசர்த் தடுப்பூசி போடுவியுங்கள். விசர்கொண்ட நரியைக் கண்டால் நெருங்காமல் உரியவர்களுக்கு அறிவியுங்கள். நரிக்கொம்பு என்று யாராவது விற்க வந்தால் வெறுங்கையோடு திருப்பி அனுப்புங்கள்.

சாதுவான உயிரிடம் அன்பு வைப்பது எளிது. பல்லும் நகமும் உள்ள உயிருக்கும் இடம் விடுவதே உண்மையான சீவகாருண்ணியம்.